நடந்து அளந்த நகரம்

(ஒரு நூலக வாசகர் வட்டத்தின் ஆண்டுக் கூட்டத்தில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



முப்பத்தோரு வருஷம் பள்ளிக்கூடத்தில் வரலாறு நடத்தியவன் நான். இரண்டாம் உலகப் போர் பாடத்தில், 60 லட்சம் யூதர்கள் கொல்லப்பட்டார்கள் என்று ஒரு வரி வரும். பிள்ளைகளை அதை வாசிக்கச் சொல்வேன், அடிக்கோடு போடச் சொல்வேன், அடுத்த பக்கத்துக்குப் போய்விடுவேன். ஒரு மார்க் கேள்விக்கு அது போதும். அந்த வரியை வைத்துக்கொண்டு அதற்கு மேல் என்ன செய்வது என்று எனக்கே தெரியவில்லை. என் மகள் வேலை பார்க்கிற, போலந்தின் வார்சா நகரத்துக்குப் போயிருந்தபோது, ஒரு வழிகாட்டி அம்மா எங்களைக் காலையிலிருந்து ஐந்து மணி நேரம் நடக்க வைத்தார். இன்றைக்கு நான் பேசப் போவது அந்த நடையைப் பற்றித்தான்.

வந்திருந்தவர்கள் பதினோரு பேர். அந்த அம்மாவுக்கு அறுபது வயதுக்கு மேல் இருக்கும். கையில் ஒரு ஃபைல், அதற்குள் லேமினேட் செய்த பழைய புகைப்படங்கள். முதலில் அவர் சொன்னது இது: “இங்கே பார்க்க அதிகம் இல்லை. நடக்கத்தான் நிறைய இருக்கிறது. நடுவில் டிராம் ஏற நினைக்கிறவர்கள் இப்போதே சொல்லிவிடுங்கள்.” யாரும் சொல்லவில்லை.

நாங்கள் நடந்தது பழைய கெட்டோ இருந்த இடத்தில். அதனால் முதலில் அந்தச் சொல்லைப் பற்றிப் பேச வேண்டும். கெட்டோ என்ற சொல் இத்தாலியின் வெனிஸ் நகரத்திலிருந்து வந்தது. 1516இல் அங்கே யூதர்களை ஒரு தீவுப் பகுதிக்குள் ஒதுக்கி, இரவில் வாசலைப் பூட்டினார்கள். தமிழில் இதைச் சிலர் ‘சேரி’ என்று மொழிபெயர்க்கிறார்கள். ஒதுக்கிவைத்தது என்ற அளவுக்கு அந்த ஒப்பு நிற்கும். அதற்கு மேல் நிற்காது. வார்சாவில் 1940இல் ஜெர்மானிய நாஜிகள் உண்டாக்கியதைக் குடியிருப்பு என்று எந்தச் சொல்லாலும் சொல்ல முடியாது. அது பட்டி. ஆட்டை அடைப்பதைப் போல மனிதரை அடைத்த பட்டி. நாஜிகளோ அதற்கு வைத்த அதிகாரபூர்வப் பெயர் ‘யூதக் குடியிருப்புப் பகுதி’. வாசலில் ‘தொற்றுநோய்ப் பகுதி’ என்று பலகை வைத்தார்கள். யூதர்கள் டைஃபஸ் காய்ச்சலைப் பரப்புகிறவர்கள், ஊரைக் காப்பாற்றவே மதில் என்பது அவர்கள் சொன்ன காரணம். ஒரு அறைக்குள் இரண்டு மூன்று குடும்பத்தைத் திணித்து, சோப்பும் கரியும் கிடைக்காமல் செய்தால் டைஃபஸ் வராமல் என்ன செய்யும்? மதிலே அந்த நோயை உண்டாக்கியது. பிறகு, பாருங்கள் நோயை என்று மதிலுக்குச் சாட்சியாக அதையே காட்டினார்கள். அந்த மதிலைக் கட்டிய செலவையும் யூதர்களின் தலையில்தான் கட்டினார்கள்.

நவம்பர் 16, 1940 அன்று வாசல்கள் அடைபட்டன. மதிலின் நீளம் ஏறக்குறைய 18 கிலோமீட்டர், உயரம் 3 மீட்டர். நகரத்து மக்களில் 30 சதவீதம் பேர் நகரப் பரப்பில் 2.4 சதவீதத்துக்குள் அடைபட்டார்கள். 4 லட்சத்துக்கும் மேற்பட்டோர். 1941இல் அவர்களுக்கு ரேஷனில் கொடுத்த உணவு ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்குச் சுமார் 184 கலோரி. நம் கணக்கில் மூன்று நான்கு இட்லி, நாள் முழுவதற்கும். கொலை முகாமுக்கு ஒரு ரயில்கூடப் புறப்படுவதற்கு முன்பே, 1942 கோடைக்குள், பசியிலும் நோயிலும் 80 ஆயிரத்துக்கும் மேற்பட்டோர் இறந்துபோனார்கள்.

எண்களைச் சொல்லிவிட்டேன். இனி நடப்போம்.

சியென்னா தெருவில் ஒரு அடுக்குமாடி வீட்டின் முற்றத்துக்குள் அழைத்துப்போனார். சைக்கிள்கள் சாத்தியிருந்தன. மேல்மாடிச் சன்னலில் யாரோ போர்வையை உதறிக்கொண்டிருந்தார்கள். முற்றத்தின் கடைசியில் ஒரு செங்கல் சுவர். நகரத்தில் எஞ்சியிருக்கிற மதில் துண்டுகளில் ஒன்று அது. இரண்டு கட்டடங்களுக்கு நடுவே ஏற்கெனவே இருந்த சுவரையும் சேர்த்துத்தான் பல இடங்களில் மதிலாக்கியிருக்கிறார்கள். சில செங்கற்களை வாஷிங்டனில் உள்ள ஹோலோகாஸ்ட் அருங்காட்சியகத்துக்காகப் பெயர்த்திருக்கிறார்கள். அந்த இடம் குழியாகத் தெரிகிறது. உள்ளங்கையை வைத்துப் பார்த்தேன். சாதாரணச் செங்கல். சாந்து உதிர்ந்து விரலில் ஒட்டியது. மதிலின் உச்சியில் உடைந்த கண்ணாடியைப் பதித்திருந்தார்களாம், நம் காம்பவுண்டுச் சுவர்களில் திருடனுக்குப் பயந்து பதிப்போமே, அதே மாதிரி. அதைக் கேட்டதும் கையை எடுத்துவிட்டேன். இந்த மதிலின் அடியில் சாக்கடைக்காக விட்ட ஓட்டைகள் வழியாகத்தான் ஏழு எட்டு வயதுப் பிள்ளைகள் அந்தப்பக்கம் போய், சட்டைக்குள் உருளைக்கிழங்கும் ரொட்டியும் திணித்துக்கொண்டு திரும்பி வந்தார்கள். 1941 இறுதியிலிருந்து மதிலைத் தாண்டுகிற யூதருக்கு மரண தண்டனை. அதற்குப் பிறகும் அந்தப் பிள்ளைகள் போனார்கள். வீட்டில் உலை வைக்க வேறு வழி இல்லை.

அதே தெருவின் 16ஆம் எண் வீடு இப்போது இல்லை. 1950களில் அந்த வட்டாரத்தில் பிரம்மாண்டமான கலாச்சார மாளிகையைக் கட்டிவிட்டார்கள். 16ஆம் எண்ணில்தான் யானுஷ் கோர்ச்சாக்கின் அநாதை இல்லம் கடைசியாக இருந்தது. கோர்ச்சாக் டாக்டர், குழந்தைகளுக்காகவும் குழந்தைகளைப் பற்றியும் எழுதியவர். 1942 ஜூலை 18ஆம் தேதி அந்த இல்லத்துப் பிள்ளைகள் ஒரு நாடகம் போட்டார்கள். என்ன நாடகம் தெரியுமா? நம் ரவீந்திரநாத் தாகூரின் ‘டாக் கர்’, தபால் நிலையம். நோயில் படுத்திருக்கிற அமல் என்ற சிறுவனை வெளியே போகக் கூடாது என்று வைத்தியர் தடுத்துவிடுகிறார். சன்னலோரம் உட்கார்ந்து தெருவில் போகிறவர்களோடெல்லாம் பேசிக்கொண்டு, ராஜா தனக்கு ஒரு கடிதம் அனுப்புவார் என்று அவன் காத்திருக்கிறான். தாகூர் அதற்கு முந்தைய ஆண்டு ஆகஸ்டில்தான் காலமாகியிருந்தார். வங்காளத்தில் பிறந்த அமலை, வெளியே போக முடியாத வார்சாப் பிள்ளை ஒன்று தன்னுடையவனாக எடுத்துக்கொண்டு நடித்தது. சாவை அமைதியாக ஏற்கப் பிள்ளைகள் கற்கட்டும் என்பதற்காக இந்த நாடகத்தைத் தேர்ந்தெடுத்ததாகக் கோர்ச்சாக் சொன்னார் என்பார்கள். நான்கு நாளில், ஜூலை 22 அன்று, ரயில்கள் புறப்படத் தொடங்கின.

கோர்ச்சாக் எழுதிய நாட்குறிப்பு தப்பிப் பிழைத்திருக்கிறது. ஆகஸ்ட் 4ஆம் தேதியிட்ட கடைசிக் குறிப்பில் அவர் சன்னலோரப் பூச்செடிக்குத் தண்ணீர் ஊற்றுகிறார். கீழே துப்பாக்கியோடு ஒரு ஜெர்மன் சிப்பாய் நின்று பார்க்கிறான். போருக்கு முன்னால் இவன் ஒரு கிராமத்து வாத்தியாராக இருந்திருப்பானோ என்று அவர் யோசிக்கிறார். ஓரிரு நாளில் சுமார் 200 குழந்தைகளையும், பல வருஷம் கூடவே உழைத்த ஸ்டெஃபானியா வில்சின்ஸ்காவையும், மற்ற ஊழியர்களையும், கோர்ச்சாக்கையும் நடத்திக் கூட்டிப்போனார்கள். கெட்டோவின் வட கோடியில் ரயில் நிற்கிற இடம் வரைக்கும் நடந்தார்கள். “நாமும் அங்கேதான் போய் முடிக்கப் போகிறோம்” என்றார் வழிகாட்டி அம்மா.

ஹ்வோட்னா தெருவைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகச் சொல்ல வேண்டும். கெட்டோ இரண்டு துண்டாக இருந்தது, சின்னது ஒன்று, பெரியது ஒன்று. இரண்டுக்கும் நடுவே ஓடிய ஹ்வோட்னா தெரு நகரத்தின் கிழக்கு மேற்குப் பாதை. வண்டி வாகனங்கள் போக வேண்டும் என்று அந்தத் தெருவை மட்டும் யூதர் அல்லாதவர்களுக்கு விட்டுவைத்தார்கள். முதலில் ஒரு சந்திப்பில் கதவு வைத்து, போக்குவரத்து ஓய்ந்த நேரம் பார்த்து ஆட்களைக் கடக்க விட்டார்கள். கூட்டம் காத்துக் கிடக்கும். காவலுக்கு நின்றவர்கள் பொழுதுபோக்குக்காக வயதானவர்களைத் தெருவில் ஆட வைத்தார்கள். 1942 ஜனவரியில் தெருவுக்கு மேலே மரத்தால் ஒரு நடைப்பாலம் கட்டினார்கள். கீழே டிராம், வண்டி, வேலைக்குப் போகிற ஆட்கள். மேலே, யூதர் என்று காட்டும் நட்சத்திரப் பட்டையைக் கையில் கட்டிய ஆயிரக்கணக்கான பேர் ஏறி இறங்கினார்கள். இரு தரப்பும் ஒரே ஊர்க்காரர்கள்.

பாலம் இப்போது இல்லை. அந்த இடத்தில் தெருவின் இரு பக்கமும் உலோகக் கம்பங்கள் நட்டு, உயரத்தில் இழைகள் கட்டியிருக்கிறார்கள். இருட்டினால் இழைகள் ஒளிர்ந்து பாலத்தின் உருவம் தெரியும். நாங்கள் போனது பகல், ஒன்றும் தெரியவில்லை. கம்பத்தில் பொருத்தியிருந்த சிறு கண்ணாடி வழியாகப் பார்த்தால் பழைய படங்கள் வந்தன. கீழே பழைய டிராம் தண்டவாளமும் உருளைக்கல் பாவிய தரையும் கொஞ்ச தூரம் அப்படியே கிடக்கின்றன. அந்த அம்மா எங்களைத் தண்டவாளத்தின் மேல் நிறுத்தி, “மேலே பாருங்கள்” என்றார். எல்லோரும் பார்த்தோம். வெறும் ஆகாயம். “டிராமில் போனவர்களுக்குச் சன்னல் இருந்தது. தினமும் மேலே பார்த்திருப்பார்கள்” என்றார். அதற்கு மேல் ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. குற்றம் சாட்டுகிற குரலும் இல்லை. அவருடைய தாத்தா பாட்டி அந்த டிராமில் போனவர்கள் என்று பிறகு, நடந்துகொண்டிருக்கும்போது, என் மகளிடம் சொல்லியிருக்கிறார்.

பக்கத்தில் ஒரு நீதிமன்றக் கட்டடம். இன்றைக்கும் அங்கே வழக்கு நடக்கிறது. ஒரு வாசல் கெட்டோ பக்கம், மறு வாசல் நகரப் பக்கம். ஆவணம் வாங்க வருகிற மாதிரி உள்ளே வந்து, நட்சத்திரப் பட்டையைக் கழற்றிவிட்டு, மறு வாசல் வழியாக வெளியேறித் தப்பியவர்கள் உண்டு. சில குழந்தைகளையும் அப்படிக் கடத்திக் காப்பாற்றினார்கள். நாங்கள் நின்ற ஐந்து நிமிஷத்தில் கறுப்பு அங்கி போட்ட வக்கீல்கள் இரண்டு மூன்று பேர் அந்தக் கதவைத் தள்ளிக்கொண்டு போனார்கள்.

இனி நோவோலிப்கி தெரு. இங்கேதான் எனக்குக் கால் நகரவில்லை.

எமானுவேல் ரிங்கல்ப்ளூம் என்று ஒருவர். வரலாற்று அறிஞர், போருக்கு முன்பு பள்ளியில் வரலாறு சொல்லிக்கொடுத்தவர். 1940 நவம்பரில், மதில் மூடின மாதத்திலேயே, ஒரு ரகசியக் குழுவைச் சேர்த்தார். சனிக்கிழமைகளில் கூடியதால் அதற்கு ‘ஓய்னெக் ஷாபெஸ்’ என்று பெயர், ஓய்வுநாள் மகிழ்ச்சி என்று அர்த்தம். ஐம்பது அறுபது பேர். ஆசிரியர்கள், எழுத்தாளர்கள், மதகுருக்கள், பொருளாதாரம் படித்தவர்கள். மதிலுக்குள் நடப்பதையெல்லாம் எழுதி வைப்பது அவர்கள் வேலை. எழுதியது மட்டுமில்லை, சேர்க்கவும் செய்தார்கள். ரேஷன் அட்டை, டிராம் டிக்கெட், மிட்டாய் சுற்றிய காகிதம், கச்சேரி அழைப்பிதழ், பள்ளிப் பிள்ளைகள் எழுதிய கட்டுரை. ஒரே வீட்டில் பல குடும்பங்கள் அடைந்திருந்ததால், இன்னாருக்கு இத்தனை தடவை மணி அடிக்க வேண்டும் என்று கதவில் எழுதி வைக்கிற பட்டியலைக்கூட விடவில்லை.

யோசித்துப் பாருங்கள். சாவு வாசலில் நிற்கிறது. அப்போது ஒரு வரலாற்று வாத்தியார் மிட்டாய்க் காகிதத்தை எடுத்து நீவிப் பெட்டிக்குள் வைக்கச் சொல்கிறார். எத்தனை பேரைக் கொன்றோம் என்ற கணக்கைக் கொன்றவர்களே எழுதி வைப்பார்கள், அவர்கள் தாளில் எல்லாம் ஒழுங்காக இருக்கும் என்று அவருக்குத் தெரிந்திருக்க வேண்டும். மூன்று தடவை அடித்தால் எந்தக் குடும்பம் கதவைத் திறக்கும் என்பது அந்தத் தாளில் வராது. முப்பத்தோரு வருஷம் நான் அடிக்கோடு போடச் சொன்ன அந்த ஒரு வரியில் வராததையெல்லாம் இவர்கள் தேடித் தேடிச் சேர்த்திருக்கிறார்கள். அந்தத் தெருவில் நின்று இதைக் கேட்டபோது, என் வகுப்பில் உட்கார்ந்திருந்த பிள்ளைகளின் முகமெல்லாம் நினைவுக்கு வந்தது. இதை அவர்களுக்குச் சொல்லியிருக்கலாம். ஒரு பீரியட் போதும்.

1942 ஆகஸ்ட் தொடக்கத்தில், ரயில்கள் தினமும் போய்க்கொண்டிருந்தபோது, நோவோலிப்கி 68ஆம் எண் பள்ளிக்கூடத்தின் அடித்தளத்தில் பத்துத் தகரப் பெட்டிகளைப் புதைத்தார்கள். புதைத்தவர்கள் இஸ்ரேல் லிஹ்டென்ஷ்டைன் என்ற ஆசிரியரும், அவரிடம் படித்த இரண்டு பையன்களும். ஒரு பையனின் பெயர் டேவிட் கிராபர். வயது 19. மண்ணை மூடுவதற்கு முன் மூன்று பேரும் தங்களைப் பற்றி எழுதி உள்ளே வைத்தார்கள். ஆசிரியர் தன் மனைவியை நினைவில் வைக்கும்படி கேட்டிருக்கிறார். அவர் கெலா செக்ஸ்டாய்ன், ஓவியர். மகள் மார்காலித்தையும் நினைவில் வைக்கச் சொல்லியிருக்கிறார். அந்தக் குழந்தைக்கு அப்போது 20 மாதம். தாயின் ஓவியங்களும் அந்தப் பெட்டிகளில்தான் போயின. ஓவியங்கள் கிடைத்தன. அவர்கள் யாரும் பிழைக்கவில்லை.

குழுவில் உயிரோடு மிஞ்சியவர்கள் மூன்றே பேர். அவர்களில் ஹெர்ஷ் வாசருக்குப் புதைத்த இடம் தெரியும். ராஹெல் ஆவர்பாக் விடாமல் வற்புறுத்தினார், தோண்டுங்கள், தோண்டுங்கள் என்று. ஆனால் எங்கே தோண்டுவது? கெட்டோ முழுவதையும் நாஜிகள் தரைமட்டமாக்கியிருந்தார்கள். கண்ணுக்கெட்டிய தூரம் இடிபாடு, நடுவே புனித அகஸ்டின் தேவாலயத்தின் கோபுரம் மட்டும் நின்ற புகைப்படம் ஒன்று உண்டு. அந்தக் கோபுரத்தை அடையாளம் வைத்துத் தெருவை யூகிக்க வேண்டிய நிலை. 1946 செப்டம்பரில் தகரப் பெட்டிகள் கிடைத்தன, தண்ணீர் இறங்கியிருந்தது. 1950 டிசம்பரில், வீடு கட்டத் தோண்டியவர்களுக்கு இரண்டு பால் கேன்கள் கிடைத்தன, மீதி ஆவணங்களோடு. மூன்றாவதாகப் புதைத்தது இன்றுவரை கிடைக்கவில்லை. இப்போது சீனத் தூதரகம் இருக்கிற இடத்தில் 2003இல் தேடியும் பார்த்தார்கள். கிடைத்ததே சுமார் 35 ஆயிரம் பக்கம். 1999இல் யுனெஸ்கோ அதை ‘உலக நினைவகம்’ பட்டியலில் சேர்த்தது. ரிங்கல்ப்ளூமை 1944 மார்ச்சில், மனைவி, மகனோடு சுட்டுக் கொன்றார்கள்.

பெட்டிகள் கிடைத்த இடத்தருகே தரைக்குள் ஒரு கண்ணாடிக் கட்டியைப் பதித்து, டேவிட் கிராபர் எழுதிய தாளின் நகலை அதற்குள் வைத்திருக்கிறார்கள். பார்க்க வேண்டுமென்றால் குனிய வேண்டும். எங்களில் ஒருவர் மண்டியிட்டார். சருகுகள் விழுந்து பாதி மறைத்திருந்தன. அந்த அம்மா கைக்குட்டையால் துடைத்தார். எத்தனை வருஷமாகத் துடைக்கிறாரோ, அவ்வளவு பழகிய கை.

துவோமாட்ஸ்கியே தெருவில் யூத வரலாற்று ஆய்வகம் இருக்கிறது. பால் கேன் ஒன்று அங்கே காட்சிக்கு இருக்கிறது. நம் ஊர்ப் பால்காரர் சைக்கிளில் மாட்டிக்கொண்டு வருவாரே, அந்த மாதிரி கேன், துருவேறி நிற்கிறது. பக்கத்தில் நின்ற பெரிய யூத ஆலயத்தை 1943 மே 16 அன்று நாஜிகள் வெடிவைத்துத் தகர்த்தார்கள். அந்த நெருப்பு இந்தக் கட்டடத்துக்கும் பரவியது. முன்மண்டபத் தரைக்கல்லில் எரிந்த கறை இன்றும் இருக்கிறது. மாற்றவில்லை. அதன் மேல்தான் மிதித்து உள்ளே போக வேண்டும்.

1943 ஏப்ரல் 19இல் தொடங்கிய எழுச்சியைப் பற்றி நீங்கள் படித்திருப்பீர்கள், படங்களும் பார்த்திருப்பீர்கள். சில நூறு இளைஞர்கள், கைத்துப்பாக்கியும் வீட்டில் செய்த குண்டும் வைத்துக்கொண்டு, ஜெர்மன் படையை நான்கு வாரம் நிறுத்தினார்கள். தலைவர் மோர்டெகாய் அனியெலெவிச்சுக்கு வயது 24கூட இருக்காது. மீவா தெரு 18ஆம் எண்ணின் பதுங்குகுழியில் மே 8 அன்று இறந்தார். அங்கே இப்போது புல் முளைத்த ஒரு மேடும் ஒரு கல்லும் இருக்கின்றன. அவ்வளவு போதும். போராடினவர்களைப் பற்றிப் பேச உலகத்துக்கு ஆசை அதிகம். ரொட்டிக்கு வரிசையில் நின்றவர்களைப் பற்றியும் அதே மரியாதையோடு பேச வேண்டும் என்று, எழுச்சியின் தளபதிகளில் பிழைத்திருந்த மாரெக் எடெல்மனே கடைசிவரைக்கும் வாதாடினார்.

மீவா தெருவும் நோவோலிப்கியும் இருக்கிற பகுதிக்கு முரானூவ் என்று பெயர். போர் முடிந்ததும் வீடு வேண்டும், செங்கல் இல்லை, இடிபாட்டை அள்ளிப் போட இடமும் இல்லை. கட்டடக் கலைஞர் போஹ்தான் லாஹெர்ட் ஒரு திட்டம் போட்டார். இடிபாட்டை அகற்றாமல் அதன் மேலேயே கட்டுவது, அந்த இடிபாட்டையே நொறுக்கிக் கல்லாக்கிக் கட்டுவது. அதனால் முரானூவில் தெரு ஒரு மட்டம், வீடுகள் அதற்கு மேலே மேட்டில். நடைபாதையிலிருந்து வீட்டுக்குப் படியேறித்தான் போக வேண்டும். மேட்டின் சரிவில் ரோஜாச் செடி வைத்திருக்கிறார்கள். ஒரு சின்னப் பையன் சைக்கிளைத் தோளில் தூக்கிக்கொண்டு படி இறங்கினான். எங்களோடு வந்த ஒருவர், “சரி, கெட்டோ எங்கே?” என்று கேட்டார். கேட்டதில் தப்பில்லை, நாலு மணி நேரமாக அவர் அதைத்தான் தேடிக்கொண்டிருந்தார். அந்த அம்மா படிக்கட்டைக் காட்டினார். “ஒரு படிக்கு ஒரு சாண் வைத்துக்கொள்ளுங்கள். எத்தனை படியோ, அவ்வளவு உயரம் இருக்கிறது. நான் இந்த வீடுகளில் ஒன்றில்தான் பிறந்தேன். தோட்டம் கொத்தும்போது அம்மா ஸ்பூன், சாவி என்று எடுப்பார். எங்கே வைப்பது என்று தெரியாமல் சன்னலில் வைப்பார்.”

கடைசியாக ஸ்தாவ்கி தெரு. உம்ஷ்லாக்பிளாட்ஸ் என்பார்கள், சரக்கு ஏற்றி இறக்குகிற முற்றம். 1942 ஜூலை 22 முதல் செப்டம்பர் 21 வரைக்கும் இரண்டரை லட்சத்துக்கும் மேற்பட்டோரை இங்கிருந்து ட்ரெப்ளிங்கா கொலை முகாமுக்கு ஏற்றினார்கள். நாளொன்றுக்கு இத்தனை ஆயிரம் ஆட்கள் வேண்டும் என்று உத்தரவு. அந்த உத்தரவில் கையெழுத்துப் போட மனமில்லாமல், யூத நிர்வாகக் குழுவின் தலைவர் ஆடம் செர்னியாகூவ் மறுநாளே விஷம் சாப்பிட்டு உயிரைவிட்டார். இப்போது அங்கே ஒரு வெள்ளைச் சுவர் நிற்கிறது. அதில் முழுப்பெயர் எவருக்கும் இல்லை. வார்சா யூதர்கள் தங்கள் பிள்ளைகளுக்கு வைத்த பெயர்கள், 400க்கும் மேல், அகரவரிசையில். எதிரே நாஜிகளின் எஸ்.எஸ். படையின் அலுவலகம் இருந்த கட்டடம் இன்னும் நிற்கிறது; நாங்கள் போனபோது பல்கலைக்கழகத்தின் உளவியல் துறை அதில் நடந்துகொண்டிருந்தது. மாணவர்கள் வெளியே நின்று பேசிக்கொண்டிருந்தார்கள்.

மார்காலித் என்ற பெயர் அந்தச் சுவரில் இருக்கிறதா என்று தேடினேன். என் மகள் ஒரு பக்கத்திலிருந்து வாசித்துக்கொண்டே வந்தாள். லத்தீன் எழுத்தில் வரிசை வரிசையாகப் பெயர்கள். பாதியிலேயே அவளுக்குக் குரல் எழும்பவில்லை. நான் கையைப் பிடித்துக்கொண்டேன். தேடுவதை விட்டுவிட்டோம்.

காலையில் சியென்னாவில் தொடங்கியவர்கள் மதியம் தாண்டி அங்கே வந்து சேர்ந்திருந்தோம். வளைந்து வளைந்து, நின்று நின்று, தண்ணீர் குடித்து வந்தோம். கோர்ச்சாக்கின் பிள்ளைகளுக்கு வெயில் காலம், நேராக நடத்தினார்கள். அந்தத் தூரம் என் முழங்காலில் இன்றும் இருக்கிறது.

எல்லோரும் கலைந்த பிறகு, எங்களுக்கும் அதே வழி என்பதால் அந்த அம்மாவோடு முரானூவ் வரைக்கும் திரும்பி நடந்தோம். அவர் வீட்டுக்குக் கீழே நின்று விடைபெற்றோம். ஃபைலைக் கக்கத்தில் இடுக்கிக்கொண்டு, கைப்பிடியைப் பற்றி, மெதுவாக ஏறினார். நான் எண்ணிக்கொண்டிருந்தேன். பதினோரு படி. மேலே போய்க் கதவருகே மணியை இரண்டு தடவை அடித்தார். உள்ளேயிருந்து யாரோ திறந்தார்கள்.